ஊசியைப் பிடுங்கிய வாசலில் விலங்கா?

தஞ்சை மண்ணின் முஸ்லிம் இல்லங்களில் பாட்டிமார் பேரப் பிள்ளைகளுக்குச் சொல்லிவரும் கதை ஒன்று உண்டு. தஞ்சையை ஆண்ட அச்சுதப்ப நாயக்கர் தீராத நோயில் விழுந்தார். அரண்மனை வைத்தியர்கள் கைவிரித்தனர். அப்போது நாகூர் நாயகம் ஷாஹுல் ஹமீது ஆண்டகை அவர்கள், அரண்மனையில் மறைத்து வைக்கப்பட்டிருந்த புறா ஒன்றை எடுத்துவரச் செய்தார்கள். வஞ்சகர் எவரோ அதன் உடலெங்கும் ஊசிகளைச் செருகியிருந்தனர். ஆண்டகை அவர்கள் ஒவ்வோர் ஊசியாகப் பிடுங்கினார்கள். மன்னரின் வேதனையும் படிப்படியாக நீங்கிற்று. நன்றி பெருகிய மன்னர் நாகூரில் நிலம் வழங்கினார். அப்புறாவின் நினைவாகவே இன்றும் நாகூர் மனாராக்களைச் சுற்றிப் புறாக்கள் பறக்கின்றன என்பார்கள்.

வரலாற்று ஆசிரியர்கள் இதனைச் செவிவழி மரபு என்று ஒதுக்கக்கூடும். ஒதுக்கட்டும். ஒரு சமுதாயம் எதனைக் குணப்படுத்துதல் என்று நினைத்தது என்பதைக் கல்வெட்டைக் காட்டிலும் அதன் கதைகளே தெளிவாகச் சொல்லும். நம் முன்னோர் சொன்ன கதையில் குணம் எப்படி வந்தது? குத்தியிருந்த இரும்பை எடுத்ததால் வந்தது. சிறைப்பட்டிருந்த உயிரை விடுவித்ததால் வந்தது.

அந்தக் கதையைச் சொல்லி வளர்ந்த நாம், மனநோய் கண்ட மனிதனின் காலில் இரும்பைப் பூட்டி, அவனைத் தூணோடும் மரத்தோடும் கட்டிப்போட்டு, அதற்கு ‘அவுலியாவின் வாசலில் சிகிச்சை’ என்று பெயர் சூட்டியிருக்கிறோம். ஊசியைப் பிடுங்கியவர்களின் பெயரால் விலங்கைப் பூட்டுவதா? இதைவிடப் பெரிய முரண்பாடு வேறு உண்டா?

ஏர்வாடியில் எரிந்தது எது?

2001-ஆம் ஆண்டு ஆகஸ்டு 6-ஆம் நாள் விடியற்காலை. இராமநாதபுரம் மாவட்டம் ஏர்வாடியில், தர்காவை அண்டித் தனியார் நடத்திவந்த மனநல இல்லம் ஒன்றின் கீற்றுக் கொட்டகை தீப்பற்றிக்கொண்டது. உள்ளே இருந்தவர்கள் சங்கிலியால் பிணைக்கப்பட்டிருந்தனர். ஓடக் கால் இருந்தும் ஓட வழியில்லை. 28 உயிர்கள் கருகின. 

அந்த இல்லத்தைத் தர்கா நடத்தவில்லை என்பது உண்மை. ஜியாரத்திற்கு வந்த ஏழைகளின் துயரத்தை மூலதனமாக்கிக் காசு பார்த்த தனியார் பலருள் ஒருவர் நடத்தினார். இத்தகைய இல்லங்களுக்கு உரிமம் வேண்டும் என்று 1987-ஆம் ஆண்டின் மனநலச் சட்டம் விதித்திருந்தது. சட்டம் நூலில் இருந்தது. கொட்டகை ஊரில் இருந்தது. இரண்டும் ஒன்றையொன்று சந்திக்கவே இல்லை. சாவு வந்த பிறகுதான் அதிகாரிகள் வந்தார்கள். ஒரு வாரத்திற்குள் ஏர்வாடியின் இல்லங்கள் மூடப்பட்டன. அவற்றில் இருந்த ஐந்நூற்றுக்கும் மேற்பட்டோர் அரசின் பராமரிப்பிற்கு மாற்றப்பட்டனர்.

உச்ச நீதிமன்றம் தானாகவே இவ்வழக்கை எடுத்துக்கொண்டது. 2002 பிப்ரவரியில் அது மத்திய, மாநில அரசுகளுக்கு இட்ட கட்டளைகளுள் ஒன்றை நம் சமுதாயம் தலைகுனிந்து படிக்க வேண்டும். மனநோயாளரைச் சங்கிலியிடுவது சட்டவிரோதம் என்பதையும், அவர்களைக் கோயில்களுக்கும் தர்காக்களுக்கும் அனுப்புவதை விட்டு மருத்துவரிடம் அழைத்துச் செல்ல வேண்டும் என்பதையும் நாட்டுப்புற மக்களுக்கு எடுத்துரைக்க வேண்டும் என்பது அக்கட்டளை. தர்கா என்ற சொல், அபயம் தேடுவோரின் புகலிடம் என்ற பொருளில் அங்கே வரவில்லை; போகக் கூடாத இடம் என்ற பொருளில் வந்தது. இந்த இழுக்கை நமக்குத் தேடித் தந்தது யார்? நீதிமன்றம் அன்று, சங்கிலிதான்.

ஏன் வந்தார்கள்?

ஏர்வாடி நம் காவிரிப் படுகைக்கு அப்பால் இருக்கிறது என்று எவரும் ஆறுதல் கொள்ள வேண்டாம். நாகூருக்கும், முத்துப்பேட்டையை அடுத்த ஜாம்பவானோடைக்கும் சித்தம் கலங்கியோரை அழைத்து வருவது தலைமுறை தலைமுறையாக நடந்துவருவது. காவிரிக் கரையில் குணசீலம் பெருமாள் கோயிலுக்கும் அப்படியே அழைத்துச் செல்கிறார்கள். நோய்க்கு மதமில்லை, நோயாளியின் தாய்க்கும் மதமில்லை. தர்கா வாசலில் குங்குமப் பொட்டுத் தாயும் முக்காடிட்ட தாயும் அருகருகே அமர்ந்து அழுவதை இம்மண்ணில் எல்லாரும் கண்டிருக்கிறோம். தஞ்சை மராட்டிய மன்னர் பிரதாப சிங் எழுப்பிய 131 அடி உயர மனாரா எல்லாருக்கும் பொதுவாகத்தானே நிற்கிறது.

வருகிறவர்களை ஏளனம் செய்வது எளிது. பட்டணத்துப் பகுத்தறிவாளர் சிலர் அதைத்தான் செய்தார்கள். ‘மூடநம்பிக்கை’ என்ற ஒரே சொல்லில் வழக்கை முடித்துவிட்டார்கள். ஆனால் இந்த மக்களுக்கு வேறு கதவு எது திறந்திருந்தது? சென்னை கீழ்ப்பாக்கம் மனநல மருத்துவமனை 1794-இல் தோன்றியது. நாகப்பட்டினத்திலிருந்து அது ஏறத்தாழ முந்நூறு கிலோமீட்டர். நடவுக் கூலிக்கும் அறுப்புக் கூலிக்கும் போகும் குடும்பம், நெல் விளையும் நாளில் ஒரு நாள் கூலியை இழந்தாலே அடுப்பு எரியாது. கட்டுக்கடங்காத மகனைக் கைப்பிடித்து, இரயிலேறிச் சென்னை சென்று, பெயர் தெரியாத பெருநகரில் மாதக்கணக்கில் காத்திருக்க அவர்களால் முடியுமா? தர்கா அருகில் இருந்தது. சீட்டுக் கேட்கவில்லை. சாதி கேட்கவில்லை. தங்க நிழல் தந்தது. கந்தூரிச் சோறு தந்தது. நோயாளியோடு தாயும் தங்கலாம் என்றது. எந்த அரசு மருத்துவமனை அன்று இத்தனையும் தந்தது?

இந்த உண்மையை ஒப்புக்கொள்வதில் நமக்குக் கூச்சம் வேண்டியதில்லை. 2002-ஆம் ஆண்டில் பெங்களூர் தேசிய மனநல நிலையத்தைச் சேர்ந்த ஆய்வாளர்கள், தமிழ்நாட்டுச் சிற்றூர்க் கோயில் ஒன்றில் தங்கிய 31 மனநோயாளரைக் கவனித்து எழுதியதும் இதற்குச் சான்று. அங்கே தனி மருத்துவம் எதுவும் தரப்படவில்லை. சில வாரங்கள் தங்கி எளிய வேலைகளைச் செய்தனர்; அவ்வளவுதான். நோயின் கடுமையை அளக்கும் மதிப்பெண் சராசரியாக ஏறத்தாழ இருபது விழுக்காடு குறைந்திருந்தது. அமைதியான இடமும் ஆதரவான உறவும் தாமே ஒரு மருந்து என்பதற்கு வேறென்ன வேண்டும்? 

ஆக, நம் வழக்கு புகலிடத்தின் மீதன்று, பூட்டின் மீது. தர்காவின் நிழல் நோயாளிக்கு வேண்டும். அந்த நிழலில் நட்டு வைத்த இரும்புக் கம்பம் வேண்டாம்.

நோய்க்கு அஞ்சுகிறோமா, ஊர்வாய்க்கா?

உண்மையைச் சொல்வதானால், பாதிச் சங்கிலிகள் தர்கா வாசலில் பூட்டப்படுவதே இல்லை. அவை வீட்டுக்குள்ளே, கொல்லைப்புற அறையிலே பூட்டப்படுகின்றன. ஏழை வீட்டில் வறுமை பூட்டுகிறது என்று சொல்லலாம். மச்சு வீட்டில் பூட்டுவது எது?

நம் ஊர்களின் நடப்பை நாம் அறியாதவர்களா? கூத்தாநல்லூரிலும் அதிராம்பட்டினத்திலும் நாகூரிலும் முத்துப்பேட்டையிலும் ஆண்கள் சபர் செய்து, மலாயாவிலும் சிங்கப்பூரிலும், பிற்காலத்தில் வளைகுடா நாடுகளிலும் பொருள் தேடினார்கள். அந்தப் பொருளில் எழுந்த வீடுகள் எத்தனை! வீட்டுக்கு முன்னே பளிங்குத் திண்ணை. வீட்டுக்குப் பின்னே பூட்டிய அறை. உள்ளே இருப்பது யார் என்று கேட்டால், ‘உடம்புக்கு முடியாத பிள்ளை’ என்று குரல் தாழும். இளையவளுக்குச் சம்பந்தம் பேசும் நாளில் அந்தப் பிள்ளை வெளியூர் தர்காவுக்கு அனுப்பப்படும். நிக்காஹ் முடியும், விருந்து முடியும், பிள்ளை திரும்ப மாட்டான். மாதந்தோறும் பணம் மட்டும் போகும். சில ஆண்டுகளில் அதுவும் நிற்கும்.

காய்ச்சல் கண்டால் மருத்துவரை அழைக்கிறோம். எலும்பு முறிந்தால் கட்டுப் போடுகிறோம். மூளையில் ஒரு நோய் கண்டால் மட்டும் ஜின் என்கிறோம், செய்வினை என்கிறோம், கண்ணேறு என்கிறோம். கடைசியில் குடும்ப மானம் என்கிறோம். வலிப்பு நோயையும் பேய் என்றே எண்ணிக் கட்டிப்போட்ட வீடுகள் உண்டு. இதில் இழப்பது காலம். மனச்சிதைவு போன்ற நோய்கள் தொடக்கத்திலேயே மருந்து கண்டால் கட்டுப்படும் வாய்ப்பு மிகுதி. ஆண்டுகள் கடந்தால் அந்த வாய்ப்பு குறைந்துகொண்டே போகும். ஊருக்குத் தெரியக் கூடாது என்று மறைத்துவைத்த ஒவ்வோர் ஆண்டும், அந்தப் பிள்ளையின் வாழ்விலிருந்து நாம் திருடிய ஆண்டு.

எழுதுகோல் உயர்ந்த இடம்

மார்க்கத்தின் பெயரால் இது நடக்கிறதே, மார்க்கம் என்ன சொல்கிறது?

மூவரின் மீதிருந்து எழுதுகோல் உயர்த்தப்பட்டுவிட்டது என்பது நபிகள் நாயகம் (ஸல்) அவர்களின் அறிவிப்பு. உறங்குபவர் விழிக்கும் வரை, சிறுவர் பருவமடையும் வரை, சித்தம் கலங்கியவர் தெளிவடையும் வரை அவர்களின் செயல் குற்றமாக எழுதப்படுவதில்லை. நம் ஃபிக்ஹு நூல்களெல்லாம் இதன்மீதே சட்டம் வகுத்துள்ளன. சிந்தியுங்கள்: அல்லாஹ்வே குற்றம் எழுதாத ஒருவனுக்குத் தண்டனை விதிக்க நாம் யார்? மலக்குகளின் எழுதுகோல் உயர்ந்துவிட்ட இடத்தில் கொல்லனின் விலங்கு எப்படி இறங்கிற்று?

சொத்தைப் பேணும் அறிவு முதிராதோரைப் பற்றி அன்னிஸா அத்தியாயம் பேசுகிறது. பொருளை நிர்வகிக்கும் பொறுப்பை அவர்களிடம் விட வேண்டாம் என்கிறது. கூடவே பொறுப்பாளர்கள் மீது மூன்று கடமைகளைச் சுமத்துகிறது. உணவு தர வேண்டும். உடை தர வேண்டும். அவர்களிடம் கனிவாகப் பேச வேண்டும். மூன்றாவதைக் கவனியுங்கள். உணவும் உடையும் தந்தால் போதும் என்று இறைமறை நிறுத்திக்கொள்ளவில்லை. கனிவான சொல்லையும் கடமையாக்கிற்று. நாம் மூன்றையும் விட்டுவிட்டோம். மறையில் இல்லாத நான்காவதைச் செய்துகொண்டிருக்கிறோம்.

‘அபஸ’ அத்தியாயம் இறங்கிய வரலாற்றை அறியாத முஸ்லிம் இல்லை. குறைஷித் தலைவர்களோடு நபிகள் பெருமான் (ஸல்) உரையாடிக்கொண்டிருந்த வேளையில், கண்பார்வையற்ற அப்துல்லாஹ் இப்னு உம்மி மக்தூம் (ரலி) அவர்கள் அறிவு தேடி இடையே வந்தார்கள். பெருமானாரின் முகம் சற்றே சுருங்கிற்று. வந்தவரால் அந்தச் சுருக்கத்தைக் காணவும் இயலாது. எனினும் வானிலிருந்து கண்டிப்பு வந்தது. பின்னர் அதே தோழர் மதீனாவின் முஅத்தினாக விளங்கினார்கள். பெருமானார் வெளியூர் சென்ற வேளைகளில் மதீனாவின் பொறுப்பையே பலமுறை ஏற்றார்கள். ஒரு முகச் சுளிப்பிற்கே கண்டிப்பு என்றால், ஒரு சங்கிலிக்கு என்ன பதில் வைத்திருக்கிறோம்?

நம் முன்னோர் இதை ஏட்டில் மட்டும் வைக்கவில்லை. 1154-இல் திமிஷ்கில் நூருத்தீன் எழுப்பிய மருத்துவமனையும், 1284-இல் கெய்ரோவில் சுல்தான் கலாவூன் எழுப்பிய மருத்துவமனையும் வக்ஃபு வருமானத்தில் நடந்தவை. சித்தம் கலங்கியோருக்கு அங்கே தனிப்பகுதிகள் இருந்தன. துருக்கியர் 1488-இல் எதிர்னேயில் கட்டிய மருத்துவமனையில் இசையால் மனநோயாளரைத் தேற்றினார்கள். அங்கெல்லாம் முரண்டு செய்வோரைச் சங்கிலியிட்டதுண்டு என்பதையும் மறைக்க வேண்டாம். மருந்து கண்டறியப்படாத காலம் அது. மனச்சிதைவுக்கு முதல் பயனுள்ள மருந்து வந்ததே 1952-ஆம் ஆண்டு வாக்கில்தான். அன்று சங்கிலி இயலாமை. இன்று அது கொடுமை.

தமிழ் முஸ்லிம்களுக்கு இன்னொரு பெருமையும் உண்டு. உலகப் பற்றற்று, ஊர் வழக்குக்கு ஒத்துவராமல் திரிந்த மனிதர்களைப் பிறர் பித்தர் என்று கல்லெறிந்தபோது, நாம் ‘மஸ்தான்’ என்று மரியாதைச் சொல் ஒன்றைக் கண்டெடுத்தோம். குணங்குடி மஸ்தான் சாகிபு (1792–1838) அவர்களைத் தமிழுலகமே போற்றுகிறது. எல்லா மனநோயாளரும் மஸ்தான்கள் அல்லர் என்பது தெரிந்ததே. ஆயினும், பித்துப் பிடித்தவர் என்று உலகம் சொன்ன மனிதருக்குள்ளும் மாண்பைக் கண்ட சமுதாயம், அந்தக் கண்ணை எப்போது இழந்தது?

ஸதகாவா, ஹக்கா?

இங்கேதான் நம் சிந்தனை ஒரு படி ஏற வேண்டும்.

தஞ்சை மண் தருமத்திற்குப் பெயர் போனது. ஒரத்தநாட்டில் 1802-இல் சரபோஜி மன்னர் முத்தம்பாள் பெயரால் எழுப்பிய சத்திரம் முதலாக, வழிப்போக்கருக்கும் வறியவர்க்கும் சோறிட்ட சத்திரங்கள் இங்கே சாலைதோறும் இருந்தன. நம்மவர்களும் ஸதகாவில் குறை வைத்ததில்லை. கந்தூரிக்குக் கந்தூரி ஊனமுற்றோருக்கு வேட்டி, நோன்புப் பெருநாளுக்குப் புடவை, அதைப் படம் எடுத்து மலர் வெளியீடு! இவையெல்லாம் நல்லவையே. ஆனால் தருமம் கொடுப்பவனின் விருப்பம். இன்று மனம் இளகினால் சோறு. நாளை மனம் மாறினால் வெறுங்கை. உரிமை அப்படிப்பட்டதன்று. அது பெறுபவனின் சொத்து. அதனைத் தராதவன் கஞ்சன் ஆவதில்லை, கடன்காரன் ஆகிறான். செல்வரின் பொருளில் கேட்பவருக்கும் கேட்க இயலாதவருக்கும் பங்குண்டு என்று கூற வந்த இறைமறை, ‘ஹக்’ என்ற சொல்லையே எடுத்தாண்டது. உரிமை என்பது மேனாட்டுச் சரக்கு என்போர் இச்சொல்லின் எதிரே நின்று விடை கூறட்டும்.

உலகம் இந்த உண்மைக்கு மெல்ல மெல்ல வந்து சேர்ந்தது. 2006-ஆம் ஆண்டு டிசம்பர் 13-இல் ஐக்கிய நாடுகள் சபை மாற்றுத்திறனாளிகளின் உரிமைகளுக்கான உடன்படிக்கையை ஏற்றது. 2007-இல் இந்தியா அதனை உறுதி செய்தது. அதன் வழியே 2016-இல் வந்த உரிமைச் சட்டம், முன்பு ஏழாக இருந்த குறைபாட்டு வகைகளை 21-ஆக விரித்தது. மனநோயும் அவற்றுள் ஒன்று. பிறகு 2017-இல் மனநலப் பராமரிப்புச் சட்டம் வந்தது. அதன் 95-ஆம் பிரிவு, மனநோயாளருக்குச் செய்யக் கூடாதவற்றை வரிசையிடுகிறது. எந்த முறையிலும் எந்த வடிவிலும் சங்கிலியிடக் கூடாது என்பது அவற்றுள் ஒன்று. 101-ஆம் பிரிவின்படி, மனநோயாளர் ஒருவர் வதைக்கப்படுவதையோ கவனிப்பாரற்றுக் கிடப்பதையோ அறியும் காவல் நிலைய அதிகாரி நீதித்துறை நடுவருக்குத் தெரிவிக்கக் கடமைப்பட்டவர். 2019 ஜனவரியில், உத்தரப் பிரதேசத்தின் பதாயூனில் சமயச் சார்பான காப்பிடம் ஒன்றில் மனநோயாளர் சங்கிலியிடப்பட்டிருந்த வழக்கில், அது அரசியல் சட்டத்தின் 21-ஆம் பிரிவு தரும் வாழ்வுரிமையை மீறுவது என்று உச்ச நீதிமன்றம் கூறியது. ஏர்வாடி எரிந்து பதினேழு ஆண்டுகள் கழித்தும் இதைக் கூற வேண்டியிருந்தது!

சட்டம் வந்தால் சங்கிலி அறுந்துவிடும் என்று நம்பியிருப்போருக்கு இந்தோனேசியா ஒரு பாடம். நாகூர் மரக்காயர்கள் கப்பலோட்டிய அந்தத் தீவுகளில், மனநோயாளரைக் கட்டையிலும் கொட்டிலிலும் பூட்டும் வழக்கத்திற்குப் ‘பசூங்’ என்று பெயர். 1977-லேயே அரசு அதனைத் தடை செய்தது. ஏறத்தாழ நாற்பது ஆண்டுகள் கழித்து, 2016-இல், மனித உரிமைக் கண்காணிப்பகம் என்ற உலக அமைப்பு கணக்குச் சொன்னபோது, வாழ்வில் ஒருமுறையேனும் அவ்வாறு பூட்டப்பட்டவர்கள் 57,000 பேருக்கு மேல். அங்கேயும் சட்டம் இருந்தது; அருகில் மருத்துவர் இல்லை; குடும்பத்தின் வெட்கம் போகவில்லை.

தமிழகத்தில் 2010-ஆம் ஆண்டில் ‘ஊனமுற்றோர்’ என்ற பெயர் போய் ‘மாற்றுத்திறனாளி’ என்ற பெயர் வந்தது. நல்ல பெயர். ஆனால் பெயரை மாற்றிவிட்டுக் காலில் கிடக்கும் இரும்பை மாற்றாமல் விட்டால், அந்த அழகிய பெயர் யாருக்கு?

நெருப்பும் நீரும் காற்றும்

கட்டிப்போடுவது அவனுடைய பாதுகாப்பிற்கே என்கிறார்கள். காவிரிப் படுகையில் வாழ்ந்துகொண்டு இதைச் சொல்லக் கூடாது.

இந்த மண் மூன்றையும் கண்டது. 2004 ஜூலை 16-இல் கும்பகோணம் பள்ளியின் கீற்றுக் கூரையில் பற்றிய தீ 94 குழந்தைகளைத் தின்றது. அதே ஆண்டு டிசம்பர் 26-இல் கடல் எழுந்து வந்தது. நாகை மாவட்டத்தில் மட்டும் ஆறாயிரத்திற்கும் மேற்பட்டோர் மாண்டனர். 2018 நவம்பர் 16-இல் நாகைக்கும் வேதாரண்யத்திற்கும் இடையே கரை கடந்த கஜா புயல், தென்னந்தோப்புகளை வேரோடு சாய்த்து, ஓட்டு வீடுகளைப் பெயர்த்தெறிந்தது. தீ வந்தபோது ஓடியவர் பிழைத்தார். நீர் வந்தபோது ஏறியவர் பிழைத்தார். காற்று வந்தபோது முகாமுக்குப் போனவர் பிழைத்தார். சங்கிலியில் இருப்பவன் ஓடுவது எங்கே, ஏறுவது எங்கே? ஓடக்கூடிய நாமெல்லாம் ஓடிவிட்ட பிறகு, சாவி யார் மடியில் இருக்கிறது என்று தேடுவது யார்? ஏர்வாடி இக்கேள்விக்கு ஒருமுறை விடை சொல்லிவிட்டது. மறுமுறையும் கேட்க வேண்டுமா?

மறுப்புரைகள்

‘கட்டாவிட்டால் அடிப்பான், உடைப்பான்’ என்பார்கள். மனநோயாளருள் மிகப் பெரும்பான்மையோர் எவரையும் தாக்குவதில்லை, தாக்கப்படுவோராகவே இருக்கிறார்கள். வெறி மிகும் சிலருக்கு அந்நேரத்திற்குரிய மருந்து உண்டு; அதைத் தர மருத்துவர் உண்டு. மாதக்கணக்கில் பூட்டிய இரும்பு வெறியைத் தணிப்பதில்லை. அது கணுக்காலைப் புண்ணாக்குகிறது. தசையை வற்றச் செய்கிறது. மனிதர் மீதிருந்த நம்பிக்கையைக் கொல்கிறது. 

‘மருந்தை நம்பினால் அல்லாஹ்வின் மீதுள்ள நம்பிக்கை என்னாவது?’ என்பார்கள். நோயைத் தந்தவன் மருந்தையும் படைத்தான் என்பது நம் நம்பிக்கையின் பகுதியே. இரத்த அழுத்தத்திற்கு மாத்திரை விழுங்கிவிட்டுத் தொழப் போகும் பெரியவர், மகனின் மனநோய்க்கு மட்டும் மாத்திரை ஈமானுக்கு எதிரானது என்பதில் என்ன நியாயம்? குஜராத்தின் உனாவா ஊரில் மீரா தாதார் தர்காவில் தொடங்கி, பின்னர் ஏர்வாடிக்கும் வந்த ‘தவா – துஆ’ ஏற்பாட்டைப் பாருங்கள். மருந்தும் வேண்டுதலும் ஒரே வளாகத்தில் நடக்கின்றன. துஆ ஓதுபவரே நோயாளியை மருத்துவரிடம் அனுப்புகிறார். எந்த நம்பிக்கையும் இதனால் இடிந்து விழவில்லை.

‘அரசு மனநல மருத்துவமனை மட்டும் சொர்க்கமா?’ என்பார்கள். இல்லை. அவற்றின் அவல நிலையை 1999-ஆம் ஆண்டிலேயே தேசிய மனித உரிமை ஆணையம் எடுத்துக்காட்டியது. ஆகவே அரசையும் விடாமல் கேட்போம். ஆனால் அரசின் குற்றம் நம் குற்றத்திற்குக் கழுவாய் ஆகாது. மேலும், இன்று கீழ்ப்பாக்கம் ஒன்றே கதி என்ற நிலையும் இல்லை. தஞ்சை மருத்துவக் கல்லூரி 1959-இலும், திருவாரூர்க் கல்லூரி 2010-இலும், நாகைக் கல்லூரி 2022-இலும் வந்துவிட்டன. மாவட்ட மனநலத் திட்டத்தின்கீழ் அரசு மருத்துவமனைகளில் மருந்து இலவசமாகக் கிடைக்கிறது. முந்நூறு கிலோமீட்டர் முப்பதாகச் சுருங்கிவிட்டது. சுருங்காதது நம் தயக்கம் ஒன்றுதான்.

செய்ய வேண்டியவை

புலம்பி முடிப்பதற்காக இதனை எழுதவில்லை. செய்யக்கூடியவை கைக்கெட்டும் தூரத்திலேயே உள்ளன.

தர்கா நிர்வாகிகளுக்கு: உங்கள் எல்லைக்குள்ளும் அதனை ஒட்டிய விடுதிகளிலும் சங்கிலி, கயிறு, பூட்டிய கொட்டில் எதுவும் இல்லை என்று உறுதி செய்யுங்கள், வாசலில் அதை எழுதி வையுங்கள். மக்கள் கூடும் வெள்ளி இரவுகளில் மனநல மருத்துவர் ஒருவர் அமர ஓர் அறை ஒதுக்குங்கள். மாவட்ட நிர்வாகத்திடம் கேட்டால் மருத்துவர் வருவார். நீங்கள் கேட்க வேண்டும்.

வக்ஃபுப் பொறுப்பாளர்களுக்கு: கலாவூன் சுல்தானின் வக்ஃபு மனநோயாளரைக் காத்தது. உங்கள் வக்ஃபின் நஞ்சை நிலமும் கடைத்தெருவும் தரும் வருவாயில் ஒரு பகுதி, நோயாளியோடு தங்கும் தாய்க்கு ஓர் அறையாகவும், ஊர் திரும்ப ஒரு பயணச் சீட்டாகவும் மாறினால், வக்ஃபு செய்தவரின் ஆன்மா மகிழாதா?

ஜமாஅத்துகளுக்கு: நிக்காஹ் பதிவேடு வைத்திருக்கிறீர்கள், மய்யித்துப் பதிவேடு வைத்திருக்கிறீர்கள். உங்கள் மஹல்லாவில் எந்த வீட்டில் யார் பூட்டப்பட்டிருக்கிறார் என்பது மட்டும் உங்களுக்குத் தெரியாதா? காவலரை அழைத்து அவமானப்படுத்துவதற்கு முன், மருத்துவரை அழைத்துக்கொண்டு போய்க் கதவைத் தட்டுங்கள். உடன்பிறந்தாரின் நோயைக் காட்டிச் சம்பந்தத்தை முறிப்பது ஈனம் என்று குத்பாவில் சொல்லுங்கள். அந்த ஒரு சொல் ஆயிரம் பூட்டுகளைத் திறக்கும்.

குடும்பங்களுக்கு: மாற்றுத்திறனாளி அடையாள அட்டை உங்கள் பிள்ளையின் உரிமை, பிச்சைச் சீட்டன்று. வாங்குங்கள். 2022 அக்டோபரில் தொடங்கிய ‘டெலி மானஸ்’ என்ற அரசுத் தொலைபேசி உதவியை 14416 என்ற எண்ணில் அழைத்தால், இரவு பகல் எந்நேரமும் தமிழிலேயே பேசலாம். தர்காவுக்குப் போகிறீர்களா? போங்கள். துஆ செய்யுங்கள். மருந்துச் சீட்டையும் கையில் எடுத்துச் செல்லுங்கள். பிள்ளையை விட்டுவிட்டு மட்டும் திரும்பாதீர்கள்.

மறுமையின் மன்றத்தில் அந்தப் பிள்ளையை அல்லாஹ் எதுவும் கேட்க மாட்டான். அவன் ஏட்டில் எழுதப்பட்டது ஒன்றுமில்லை. அவனைப் பூட்டிய கையும், பூட்டக் கண்டும் கடந்துபோன காலும், தெரிந்தும் பேசாதிருந்த நாவும்தான் அங்கே விசாரிக்கப்படும். அந்த நாள் வருமுன், நம் கையில் இருக்கும் சாவியை நாமே திருப்பிவிடுவோம்.